பகதூரை மலைக்குக் கொண்டுபோனோம்

ரயிலில் ஏறி உட்கார்ந்ததிலிருந்து முத்தையா அண்ணாச்சி கலயத்தை மடியைவிட்டு இறக்கவில்லை. சாப்பிடும்போது ஒரு கையால் அணைத்துக்கொண்டு மறு கையால் சாப்பிட்டார். தூங்கும்போது வயிற்றோடு சேர்த்துத் துண்டால் கட்டிக்கொண்டார். எதிர்ப் பக்கத்து அம்மாள் ஒருத்தி மஞ்சள் துணி கட்டிய அந்த மண் கலயத்தைப் பார்த்து, "ஊறுகாயா?" என்று இந்தியில் கேட்டாள். நான் ஆமாம் என்று சொல்லிவிட்டேன். பெட்டி முழுக்கப் பிள்ளைகள் விளையாடிக்கொண்டிருந்தன. உள்ளே ஒரு மனிதர் இருக்கிறார் என்று எப்படிச் சொல்வது?

அந்த மனிதர் எங்கள் ராஜபாளையத்தின் கூர்க்கா. இருபது வருஷத்துக்கு மேலாக எங்கள் தெருக்களில் இரவுக்காவல் சுற்றியவர். விடிந்ததும் மில் கேட்டுக்கு எதிரே இருக்கும் முத்தையா அண்ணாச்சியின் டீக்கடையில்தான் வந்து உட்காருவார். ஊரே கூர்க்கா என்றது. அண்ணாச்சி மட்டும் "பகதூரு" என்பார். இவருக்கு இந்தி தெரியாது. அவருக்குத் தமிழ் பாதிதான் வரும். ஆனாலும் அந்த பெஞ்சில் தினமும் இருவரும் ஏதோ பேசிச் சிரித்துக்கொண்டிருப்பார்கள்.

ஒரு காலையில் டீ கிளாஸைக் கையில் வாங்கியவர் அப்படியே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்தார். ஆஸ்பத்திரிக்குப் போய்ச் சேரும்முன்பே உயிர் போய்விட்டது. அவர் போனைத் திறக்க யாருக்கும் தெரியவில்லை. உறவென்று எந்த விலாசமும் இல்லை. "நேபாளத்துக்காரன், இந்துதான்" என்றார்கள் எல்லாரும். அநாதைப் பிணமாகப் போகக்கூடாது என்று அண்ணாச்சி கையெழுத்துப் போட்டு உடலை வாங்கி, மகன் ஸ்தானத்தில் மொட்டை போட்டு, கொள்ளியும் வைத்தார்.

சாம்பலைப் பாபநாசத்தில் கரைக்க அவர் கிளம்பிக்கொண்டிருந்தபோதுதான் அந்தப் போன் அடித்தது. அண்ணாச்சி அதை எடுத்துக்கொண்டு என் வீட்டுக்கு ஓடிவந்தார். என் வீட்டுக்காரர் பட்டாளத்தில் இருந்தவர். வடக்கே ராணுவக் குடியிருப்புகளில் பல வருஷம் இருந்ததில் எனக்கு இந்தி பழகிவிட்டது. அவர் கர்த்தருக்குள் போன பிறகு ஊருக்கு வந்து பள்ளிக்கூடத்தில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவள் நான்.

போனில் பேசியது பகதூரின் அண்ணன். நான் நடந்ததைச் சொன்னேன். தகனம் செய்துவிட்டோம் என்றேன். "தகனமா?" என்று திருப்பிக் கேட்டார். பிறகு, "மிச்சம் இருப்பதைக் கொண்டுவர முடியுமா?" என்றார்.

"என்ன சொல்லுதாக?" என்று கேட்டார் அண்ணாச்சி. சொன்னேன்.

"கொண்டுபோவோம். நீங்க கூட வாரியளா டீச்சர்? எனக்கு அங்கன பாஷை தெரியாது."

அப்படித்தான் கிளம்பினோம்.

பகதூரின் பிள்ளைகளுக்கென்று அண்ணாச்சி ஸ்ரீவில்லிபுத்தூர் பால்கோவா வாங்கி வைத்திருந்தார். துக்க வீட்டுக்கு இனிப்பு எதற்கு என்று நான் கேட்டதற்கு, "அவன் ஒவ்வொரு தடவையும் ஊருக்குப் போகையில வாங்கிட்டுப் போவான்" என்றார். வங்காளம் வருவதற்குள் அது புளித்து நாற்றமெடுத்துவிட்டது. ரயிலைவிட்டு இறங்கியதும் ஸ்டேஷன் குப்பைத் தொட்டிக்குப் பக்கத்தில் டப்பாவை வைத்துக்கொண்டு வெகுநேரம் நின்றார். கலயத்தை ஏந்திக்கொண்டு ஊர்விட்டு ஊர் வந்தபோதெல்லாம் கலங்காதவர், அங்கே கண்ணைத் துடைத்துக்கொண்டார்.

எல்லையில் ஓர் ஆறு, அதன்மேல் ஒரு நீளப் பாலம். பேட்டரி ரிக்‌ஷாவில் கடக்கலாம். இந்தியர்களை அவ்வளவாக நிறுத்திக் கேட்பதில்லை. ஆனால் எங்களை நிறுத்தினார்கள். கலயம்தான் காரணம். இளவயது நேபாளப் போலீஸ்காரன் துணி முடிச்சை அவிழ்த்து உள்ளே பார்த்தான். முகம் மாறிவிட்டது. தொப்பியைக் கழற்றி அக்குளில் வைத்துக்கொண்டு, தானே மறுபடி முடிச்சுப் போட்டுக் கொடுத்தான். "எந்த மாவட்டம்?" என்று மட்டும் கேட்டான். இலாம் என்றேன். "நல்ல ஊர்" என்றான்.

ஆற்றைத் தாண்டியும் கொஞ்ச தூரம் சமவெளிதான். நெல், பாக்கு, வாழை. எங்கள் ஊர்ப் பக்கம் சுந்தரபாண்டியத்து வயல்காட்டில் நிற்பதுபோலவே இருந்தது. பிறகு சாலை சட்டென்று நிமிர்ந்து மேலே ஏற ஆரம்பித்தது.

எங்கள் ஊரிலும் மலை உண்டு. ராஜபாளையத்தில் எந்தத் தெருவில் நின்று மேற்கே பார்த்தாலும் அது சுவர்போல நிற்கும். எங்களுக்கு மலை என்றால் தூரத்தில் பார்ப்பது, லீவு நாளில் அருவியில் குளித்துவிட்டு இறங்கி வருவது. இங்கே அப்படியில்லை. மலையின் ஒவ்வொரு மட்டத்திலும் ஜனங்கள் குடியிருக்கிறார்கள். அடியில் நெல், அதற்கு மேலே மக்காச்சோளமும் கேழ்வரகும், ஓடைச் சரிவுகளில் கறுப்பு ஏலக்காய், அதற்கும் மேலே தேயிலை. பயிர் மாறுவதுபோலவே மனிதர்களும் மாறுகிறார்கள். ஜீப் டிரைவர் ராய் என்னும் இனத்தைச் சேர்ந்தவன். ஸ்டியரிங்கிலிருந்து ஒரு கையை எடுத்து எடுத்துக் காட்டிக்கொண்டே வந்தான். கீழே ராஜ்வன்சிகள், திமால்கள். இந்தப் பள்ளத்தாக்கில் பாகுன்கள். அதோ அந்தச் சரிவு தாமாங்குகள். அந்த மூங்கில் காட்டுக்குப் பின்னால் லெப்சாக்கள். எல்லாருக்கும் முன்னால் வந்தவர்கள் அவர்கள். உச்சியில் குளிர் தாங்குகிற ஷெர்ப்பாக்கள். ஒரு வளைவுக்கு ஒரு பாஷை. பொதுவாகப் பேச நேபாளி.

"நீங்கள் மதராசிகளா?" என்று கேட்டான்.

அந்த வார்த்தை மட்டும் அண்ணாச்சிக்குப் புரிந்துவிட்டது. "மதராசு எங்க கெடக்கு, ராசபாளையம் எங்க கெடக்கு! நல்லாக் கேட்டான் போங்க" என்றார். பகதூர் போன பிறகு அவர் சிரித்தது அப்போதுதான்.

மண் சரிந்து பாதி ரோட்டை அடைத்திருந்த ஓரிடத்தில் ஜீப் சேற்றில் சிக்கிக்கொண்டது. எல்லாரும் இறங்கித் தள்ளினோம். அண்ணாச்சி மட்டும் கலயத்தோடு ஓரமாக நின்றார். ஆண்பிள்ளை தள்ளாமல் நிற்கிறோமே என்று கூசினார். துடைப்பப்புல் கட்டு ஏற்றிவந்த ஒரு பெண், நான் வைத்துக்கொள்கிறேன் என்று கைநீட்டினாள். அவர் தலையை ஆட்டி மறுத்துவிட்டார்.

அப்போதுதான் டிரைவர் என்னிடம் கேட்டான், அதில் என்ன என்று. சொன்னேன். என்ன இனம் என்றான். லிம்பு என்றேன், பகதூரின் அண்ணன் போனில் அப்படித்தான் சொல்லியிருந்தார்.

டிரைவர் தள்ளுவதை நிறுத்திவிட்டான். "லிம்புவை எரித்தீர்களா?"

"ஏன்?"

"அவர்கள் எரிப்பதில்லை, தீதி. நாங்களும்தான். மண்ணில் வைப்போம். மண்ணில் வைத்தால்தான் முன்னோர்களிடம் போகிற வழியைச் சொல்லி அனுப்ப முடியும்."

அண்ணாச்சி எங்கள் முகங்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். "என்ன சொல்லுதான் டீச்சர்?"

"ரோடு இன்னும் மோசமா இருக்குமாம்" என்றேன்.

மீதி வழியெல்லாம் எனக்கு மலை கண்ணில் படவில்லை. ராஜபாளையத்தில் ஒரு தெருவில் தெலுங்கு, அடுத்த தெருவில் தமிழ். ஒரு முக்கில் கோயில், மறு முக்கில் எங்கள் சபை. செண்பகத்தோப்புப் பக்கம் மலையடிவாரத்தில் பளியர்கள். எந்த வீட்டில் புதைப்பார்கள், எந்த வீட்டில் எரிப்பார்கள் என்று கேட்காமலே சொல்லிவிடுவோம். என் வீட்டுக்காரரே அங்கே மண்ணில்தான் இருக்கிறார். இத்தனை வித்தியாசம் தெரிந்த ஊரில் பகதூரைப் பற்றி மட்டும் யாருக்கும் ஒன்றும் தெரியவில்லை.

பகதூரின் ஊருக்கு இலாம் பஜாரிலிருந்து இன்னொரு ஜீப். அப்புறம் ஏலக்காய்ச் செடிகளுக்கு நடுவே நடை. செம்மண் பூசிய மாடி வீடு. ஜன்னல் மரத்தில் பூ வேலை, முற்றத்தில் செவ்வந்தி, பன்றிக்கொட்டில். ஒரு காலை இழுத்து இழுத்து நடந்துவந்த பெரியவர் பகதூரின் அண்ணன். அவரை எல்லாரும் தாஜு என்றார்கள். அண்ணன் என்று அர்த்தம். அவருக்குப் பின்னால் பகதூரின் மனைவி சஞ்சமாயாவும் மகள் பிம்லாவும் நின்றார்கள். மகன் கத்தாரில் வேலை பார்க்கிறான், முதலாளி விடவில்லையாம்.

கலயத்தை வீட்டுக்குள் கொண்டுபோக விடவில்லை. முற்றத்து ஓரத்தில் மூங்கிலில் புதுப் பந்தல் போட்டிருந்தார்கள். அங்கே வைக்கச் சொன்னார்கள். அண்ணாச்சி தயங்கித் தயங்கி, தன் துண்டை விரித்து அதன்மேல் வைத்தார். மடி காலியானதும் அவருக்குக் கையை எங்கே வைப்பது என்று தெரியவில்லை.

சஞ்சமாயா எங்களுக்குத் தண்ணீர் கொடுத்தாள். சோறு போட்டாள். புளிக்கவைத்த சோயா மொச்சைக் குழம்பின் வாடைக்கு அண்ணாச்சி மூச்சைப் பிடித்துக்கொண்டார். ஆனாலும் ஒரு பருக்கை மிச்சம் வைக்கவில்லை. மரியாதையில் ஒரு குறையும் இல்லை. ஆனால் அவள் அண்ணாச்சியின் முகத்தை மட்டும் ஏறிட்டுப் பார்க்கவேயில்லை. ஏனென்று எனக்குத் தெரியும்.

தாஜு என்னிடம் மெதுவாகக் கேட்டார். "என் தம்பியை உங்கள் ஊரில் எப்படிக் கூப்பிடுவார்கள்?"

"கூர்க்கா என்று" என்றேன்.

"அது ஓர் ஊரின் பெயர். இங்கிருந்து மேற்கே எவ்வளவோ தூரம். என் தம்பி அந்த ஊரைப் பார்த்ததே இல்லை." கொஞ்சம் கழித்து, "லிம்பு என்பதும் மற்றவர்கள் வைத்த பெயர்தான். நாங்கள் யக்தும்" என்றார். அதில் கோபமே இல்லை. கோபப்பட்டிருந்தால் எனக்கு ஆறுதலாக இருந்திருக்கும்.

மறுநாள் காலை வீட்டுக்கு மேலே உள்ள சரிவில் ஆட்கள் குழி தோண்டினார்கள். மூங்கில் கழியால் அளந்து அளந்து தோண்டினார்கள். அண்ணாச்சி வேடிக்கை பார்த்துக்கொண்டு நின்றார். குரங்குக் குல்லாவைக் காதுவரை இழுத்து விட்டிருந்தார்.

"டீச்சர், ஒரு கலயம் பொதைக்கிறதுக்கு இம்புட்டு நீளமாவா தோண்டுவாக?"



அவர் சுற்றிலும் பார்த்தார். அந்தச் சரிவில் வேறு மேடுகளும் இருந்தன. கல்லடுக்கிக் கட்டிய மேடுகள், ஒவ்வொன்றும் ஓர் ஆள் நீளம். ஒவ்வொன்றாகப் பார்த்துக்கொண்டே போனவர் கடைசி மேட்டருகில் நின்றார்.

"இவிய பொதைக்கிறவியளா?"

"ஆமா அண்ணாச்சி."

"உங்களுக்கு முன்னமே தெரியுமா?"

"ஜீப்புல வரும்போது அந்த டிரைவர் சொன்னான். உங்ககிட்ட எப்படிச் சொல்லன்னு தெரியலை."

அப்படியே ஈர மண்ணில் உட்கார்ந்துவிட்டார். "நாந்தான கொள்ளி வச்சேன்" என்றார். "நாதியத்துப் போயிரக் கூடாதுன்னுல்ல செஞ்சேன். அவன் பொண்டாட்டி என் மூஞ்சியப் பாக்காததுக்கு இதுவா காரணம்? ஏன் டீச்சர், அவன்கிட்ட எம்புட்டோ பேசியிருக்கேன். இதக் கேக்கலியே. செத்தா ஒங்க ஊர்ல என்னல செய்வியன்னு ஒரு வார்த்த கேக்கலியே."

குல்லாவைப் பிடுங்கி முகத்தைப் பொத்திக்கொண்டு அழுதார். மண்வெட்டிகள் நின்றன. கீழே ஏலக்காய்ச் சரிவில் வந்துகொண்டிருந்த சஞ்சமாயாவும் பிம்லாவும் நின்றுவிட்டார்கள். அப்போதுதான் சஞ்சமாயா அவர் தலையைப் பார்த்தாள். மொட்டைத் தலையில் முள்முள்ளாக நரைமயிர் முளைத்திருந்தது. மகளிடம் ஏதோ கேட்டாள்.

பிம்லா என்னிடம் வந்தாள். டி.வி. பார்த்துப் பழகிய இந்தி அவளுக்கு. "அம்மா கேட்கிறாள். இவர் வீட்டில் யார் இறந்தது?"

"உன் அப்பா" என்றேன். "மொட்டை போட மகன் அங்கே இல்லை. அதனால் இவர் போட்டுக்கொண்டார். கொள்ளி வைத்ததும் இவர்தான். உங்கள் வழக்கம் இவருக்குத் தெரியாது."

பிம்லா தாயிடம் சொன்னாள். சஞ்சமாயா நின்ற இடத்தைவிட்டு அசையவில்லை. அண்ணாச்சியையே வெகுநேரம் பார்த்துக்கொண்டிருந்தாள். பிறகு குழியருகே நின்ற ஆட்களிடம் ஏதோ சொல்லிவிட்டுக் கீழே இறங்கிப் போய்விட்டாள்.

"என்ன சொன்னாள்?" என்றேன்.

"இன்றைக்கு உப்பில்லாச் சோறு ஒரு ஆளுக்கு அதிகமாக வடிக்க வேண்டும் என்றாள்" என்றாள் பிம்லா.

அங்கே சாவு வீட்டில் பிள்ளைகள் உப்பும் எண்ணெயும் விலக்கி உண்கிறார்கள். மகன் கத்தாரில் விலக்கியிருந்தான். இங்கே அவன் உட்கார வேண்டிய பாயில் அண்ணாச்சியை உட்காரச் சொன்னார்கள்.

பூசாரியைப் பெதாங்மா என்கிறார்கள். ஒடிசலான மனிதர், தலைப்பாகையில் இறகு. வந்ததும் அவர் ஒரு சிக்கலைச் சொன்னார். தாஜு அதை எனக்கு இந்தியில் சொன்னார். இறந்தவனின் உயிரை முன்னோர்களிடம் அனுப்ப முதலில் அதை இங்கே கூப்பிட வேண்டும். இங்கே இறந்தவனுக்கு வழி தெரியும். இவனோ எங்கேயோ எரிந்துபோனவன். அவன் உயிர் எங்கே நிற்கிறது, அங்கிருந்து இங்கே வர என்னென்ன ஊர், என்னென்ன ஆறு என்று தெரியாமல் எப்படிக் கூப்பிடுவது?

அண்ணாச்சியிடம் சொன்னேன். கண்ணை இடுக்கிக்கொண்டு யோசித்தார்.

"சுடுகாட்டுல நிக்க மாட்டான் டீச்சர். அவன் செண்பகத்தோப்புல நிப்பான்."

"அங்கே ஏன்?"

"அவன் மொதல்ல ஸ்ரீவில்லிபுத்தூர்லதான் காவல் சுத்துனான். அப்பலேருந்தே லீவு கெடச்சா அங்க போயி ஓடையோரமா ஒக்காந்துக்கிடுவான். அங்கன இருக்க பளியமாரோட பேசிக்கிட்டுக் கெடப்பான். இது மலையால, எங்க ஊருல இத மேடும்பாகன்னு என்கிட்ட கேலி பண்ணுவான். ஆனா போவான். அங்கேருந்து கூப்பிடச் சொல்லுங்க. பொறவு சுடுகாட்டச் சொல்லட்டும். அதையும் விடக்கூடாதுல்ல."

 

பெதாங்மா ஆரம்பித்தார். கையில் ஒரு பித்தளைத் தட்டு, அதைத் தட்டித் தட்டி நீட்டிப் பாடினார். அந்தப் பாஷையில் ஒரு எழுத்தும் எனக்குத் தெரியாது. அதற்கு நடுவே திடீரென்று "செம்பகத்தோப்" என்று கேட்டது. பிறகு "சிபிலிபுத்தூர்". அண்ணாச்சி சட்டென்று கைகூப்பிவிட்டார். பிறகு சுடுகாடு. பிறகு மில் கேட், டீக்கடை பெஞ்சு, பஞ்சு மார்க்கெட், ராஜபாளையம் ஸ்டேஷன். அண்ணாச்சி ஒவ்வொன்றாகச் சொன்னார், நான் பிம்லாவிடம் சொன்னேன், பிம்லா பெதாங்மாவிடம் சொன்னாள். சிவகாசி, விருதுநகர், மதுரை. ஆறுகளின் பெயர்களை நான் எடுத்துக்கொடுத்தேன். வைகை, காவேரி, கிருஷ்ணா, கோதாவரி, மகாநதி, கங்கை. ஒவ்வோர் ஆற்றுக்கும் பாட்டை நிறுத்தி, உயிர் கடக்கட்டும் என்று ஓர் இலையில் தண்ணீர் விட்டார். கங்கைக்கு வந்தபோது இந்தியாவின் வரைபடத்தைக் கரும்பலகையில் எத்தனையோ வருஷம் வரைந்து காட்டிய எனக்கு, முதல்முறையாக இது எவ்வளவு தூரம் என்று தெரிந்தது. ஒரு மனிதர் பிழைப்புக்காக இவ்வளவு தூரம் வந்து எங்கள் தெருவில் நடந்திருக்கிறார்.

எல்லை ஆற்றைத் தாண்டி, தேயிலைச் சரிவைத் தாண்டி, மண் சரிந்த ரோட்டைத் தாண்டி, வீட்டு முற்றத்தில் பாட்டு வந்து நின்றது. தாஜு ஒரு நாணயத்தைக் குழிக்குள் போட்டார். அந்த இடத்தை மண்ணிடமிருந்து வாங்கிக்கொள்வதற்காம். ஆள் நீளக் குழியின் நடுவில் அந்தச் சின்னக் கலயத்தை வைத்தார்கள். காலியாகக் கிடந்த இரண்டு பக்கமும் சஞ்சமாயா பகதூரின் பழைய வேட்டி சட்டைகளைப் பரப்பினாள். தலைப்பக்கம் எது, கால்பக்கம் எது என்று ஒரு கணம் குழம்பி நின்றவள் பிறகு தானே முடிவு செய்துகொண்டாள். பிம்லா போனை உயர்த்திப் பிடித்திருந்தாள். கத்தாரில் ஏதோ ஒரு கட்டடத்து நிழலில், மஞ்சள் தொப்பி போட்ட பையன் ஒருவன் வாயைப் பொத்திக்கொண்டு நின்றிருந்தான்.

அண்ணாச்சி மகனுக்குரிய முதல் பிடி மண்ணைப் போட்டார்.

உப்பு விலக்கு முடியும்வரை அங்கேயே இருந்தோம். அண்ணாச்சி உப்பில்லாச் சோற்றைச் சத்தமில்லாமல் தின்றார். பகலில் தாஜுவோடு சேர்ந்து ஏலக்காய்க்குக் களை எடுத்தார். இருவரும் அவரவர் பாஷையில் பேசிக்கொண்டார்கள். நான் அங்கே தேவைப்படவில்லை. சஞ்சமாயா அப்போதும் அவரிடம் அதிகம் பேசவில்லை. ஒருமுறை மட்டும் பிம்லா மூலமாகக் கேட்டாள், தன் வீட்டுக்காரர் சாயும்போது கீழே விழுந்தாரா என்று. இல்லை, நான் பிடித்துக்கொண்டேன் என்றார் அண்ணாச்சி. எந்தப் பக்கமாகச் சாய்ந்தார் என்று கேட்டாள். தன் இடது தோளைத் தொட்டுக் காட்டினார். அவள் அந்தத் தோளைப் பார்த்துவிட்டு அடுப்படிக்குப் போய்விட்டாள்.

விலக்கை எடுக்கும் நாளில் ஊர்ப் பெரியவர்கள் முற்றத்தில் கூடினார்கள். வழக்கப்படி துக்கம் காத்தவர்கள் நாக்கில் உப்பு வைத்து, இனி நீங்கள் எங்களோடு உண்ணலாம் என்று சொல்வார்கள். தாஜு முதலில் மகளுக்கு வைத்தார். போனில் பையன் தானே ஒரு கல்லை எடுத்து வாயில் போட்டுக்கொண்டான். அண்ணாச்சியின் முறை வந்தபோது சஞ்சமாயா எழுந்து வந்து தாஜுவின் கையிலிருந்த தட்டை வாங்கினாள்.

அண்ணாச்சி குழந்தைபோல வாயைத் திறந்தார். அவள் உப்பை வைத்தாள். அவர் கண்ணை மூடிக்கொண்டார். கன்னத்தில் நீர் வழிந்தது.

"கரிக்கி, டீச்சர்" என்றார்.

பிம்லா என் முகத்தைப் பார்த்தாள். நான் அதை மொழிபெயர்க்கவில்லை. அதற்குள் சஞ்சமாயா உள்ளே போய் ஒரு செம்பு நிறையத் தண்ணீர் கொண்டுவந்து அவர் கையில் கொடுத்தாள். அவர் குடித்து முடிக்கும்வரை எதிரிலேயே நின்றாள்.